காலி நாற்காலியைப் பார்த்து அழுத உன் அப்பா

அருமை மகள் டெஸ்ஸிக்கு, மணிமலையாற்றின் இரு கரையிலும் பேச்சில் தன்னை வெல்ல ஆள் பிறக்கவில்லை என்று போன மாதம் வரை நம்பியிருந்த உன் பெரியப்பா மாத்துக்குட்டி, காஞ்சிரப்பள்ளியிலிருந்து எழுதுவது. நீயும் மாப்பிள்ளையும் குழந்தையும், குழந்தையைப் பார்த்துக்கொள்ள பெங்களூருக்கு வந்திருக்கும் உன் அம்மாவும் சுகமாயிருக்க மாதாவை வேண்டுகிறேன். இங்கே உன் அப்பா தேவசியாவும் பரம சுகம். பிரச்சினையே அதுதான். உடனே வந்து அவரை அழைத்துக்கொண்டு போ.

உன் அப்பாவின் மகத்தான வாழ்க்கை எங்கே தொடங்கியது? மாதா கோயில் பெருநாளில், ஒலிபெருக்கி முன்னால், "கறுப்புக் குடை ஒன்று கண்டெடுக்கப்பட்டுள்ளது" என்ற அறிவிப்பில். குடையைக் கண்டெடுத்தவன் நான்! பிறகு அவர் கேபிள் டிவிக்குப் போனார், பெரிய சேனலுக்குப் போனார், தானே தயாரிப்பாளரானார், இப்போது நானூற்றுப் பன்னிரண்டு பக்கத்தில் சுயசரிதை எழுதி ஆசிரியருமாகிவிட்டார். அத்தனை பக்கத்தையும் இரண்டு கண்ணாடி மாற்றித் தேடிவிட்டேன், நான் இல்லை. எங்கள் வீட்டு நாய் இரண்டு இடத்தில் இருக்கிறது.

போன மாதம் ரப்பர் விவசாயி என்ற முறையில் என்னைப் பேட்டி எடுத்தார். இரண்டு மணி நேரம் பேசினேன். கேட்டுக்கொண்டிருந்த ரப்பர் மரங்கள் கத்தி படாமலே பால் சுரந்தன. உன் அப்பாவோ கையிலிருந்த தாளைப் புரட்டினார், ஒரு கொட்டாவியும் விட்டார். முடிந்ததும் நான் கை கழுவிவிட்டு வந்தால், கேமரா அவர் பக்கம் திரும்பியிருக்கிறது, என் நாற்காலி காலி. அந்தக் காலி நாற்காலியைப் பார்த்து உன் அப்பா தலையாட்டுகிறார், புருவம் சுருக்குகிறார், கண் கலங்குகிறார்!

"யாரைப் பாத்து அழுறே தேவசியா?"

"உங்களைப் பாத்துத்தான் அச்சாயா. நான் கேக்கிற மாதிரி காட்சியைக் கடைசியிலதான் எடுப்போம். இந்தத் தொழில்ல அதுதான் வழக்கம்."

"நான்தான் இங்க நிக்கிறேனே, வந்து உக்காரட்டுமா?"

"ஐயோ வேண்டாம்! உக்காந்தா மறுபடி பேச ஆரம்பிச்சுடுவீங்க."

டிவியில் நான் வந்தது பதினோரு நொடி. மீதி முழுக்க உன் அப்பாவின் தலையாட்டல். உன் பெரியம்மா ஏலியாம்மா மூக்கை உறிஞ்சினாள்.

"எப்படிக் கேக்கிறாரு பாருங்க மனுஷன்! முப்பத்தொரு வருஷத்துல நீங்க என் பேச்சை ஒரு தடவை இப்படிக் கேட்டிருக்கீங்களா?"

"அடியே, அவன் பாத்து அழுதது வெறும் நாற்காலியை!"

"வெறும் நாற்காலிக்கே இவ்வளவு மரியாதை குடுக்கிறவரு, பொண்டாட்டி வாயைத் திறந்தா எப்படிக் கேப்பாரு!"

அன்றிலிருந்து நான் இந்த வீட்டில் ஒரு ஆளே இல்லை மகளே. சரி, நாமும் தலையாட்டுவோம் என்று அலமாரிக் கண்ணாடி முன்னால் மூன்று நாள் கதவைத் தாழிட்டுப் பழகினேன். நாலாம் நாள் அவள் ஏதோ சொல்ல, நான் புருவத்தைச் சுருக்கி, கண்ணை ஈரமாக்கி, மெல்ல மெல்ல ஆட்டினேன். கல்யாணத்தன்று பார்த்த முகம் அவளுக்குத் திரும்பி வந்தது. வந்த பிறகுதான் அவள் கேட்டது என்னவென்று தெரிந்தது. உன் அப்பா அடுத்த புத்தகம் எழுதி முடிக்கிறவரைக்கும் நம் முன்னறையில் தங்கட்டுமா என்று கேட்டிருக்கிறாள்!

இப்போது முன்னறையில் அவர், பின்கட்டில் நான். குடம்புளி போட்ட மீன்குழம்பில் தலை அவருக்கு, வால் எனக்கு. பால்காரர்கூட அவரோடு படம் எடுத்துக்கொண்ட பிறகுதான் பாலை ஊற்றுகிறார். நான் கேட்பது பெரிதாக ஒன்றுமில்லை. ஏலியாம்மா என்னை இன்னொரு தடவை ஒரு பொருட்டாகப் பார்க்க வேண்டும். அவர் இங்கே இருக்கும்வரை அது நடக்காது. ஆகவே சனிக்கிழமை வண்டியிலேயே ஏறிவிடு.

குழந்தைக்கு என் முத்தம். உன் அம்மாவுக்கு இதைக் காட்டாதே. உங்களைக் கர்த்தர் காப்பார்; என்னை நீ காப்பாற்று.

இப்படிக்கு, பதினோரு நொடிப் புகழுடன்,
மாத்துக்குட்டிப் பெரியப்பா.

பின்குறிப்பு: உறை ஒட்டப் பசை தேடிப் போன நேரத்தில் உன் பெரியம்மா இதை எடுத்து முழுக்கப் படித்துவிட்டாள். எனக்கு உயிர் போய்விட்டது. அவளோ சிரித்த சிரிப்பில் அடுப்பிலிருந்த சோறு கருகியது. "தேவசியா புத்தகத்துல நாப்பதாம் பக்கத்தைத் தாண்ட முடியல எனக்கு. நீங்க இன்னும் கொஞ்சம் எழுதுங்களேன்" என்று பக்கத்திலேயே உட்கார்ந்துவிட்டாள். மகளே, உன் அப்பா போய்விட்டால் நான் யாரைப் பற்றி எழுதுவேன்? டிக்கெட் எடுத்திருந்தால் ரத்து செய். முன்னறைக்குப் புது மின்விசிறி வாங்கப் போகிறேன். அவருடைய புத்தகம் இப்போதைக்கு முடியாமல் நான் பார்த்துக்கொள்கிறேன்.