கையோடு வந்த கொம்பு

மானின் இடது கொம்பு கையோடு வந்துவிட்டது.

அருங்காட்சியகக் காவலர் அதைத் திரும்ப வைத்துப் பார்த்தார். நிற்கவில்லை. பதினோரு வருடமாக அவர் தற்காலிகக் காவலர். அவரை நிரந்தரமாக்குவதா, வீட்டுக்கு அனுப்புவதா என்று முடிவு செய்யத் தலைமை அதிகாரி இன்று பதினோரு மணிக்கு வருகிறார். சுவரில் மாட்டியிருக்கும் மான் தலை கொஞ்சம் பளிச்சென்று இருக்கட்டுமே என்று துணியால் ஒரு தட்டு கூடுதலாகத் தட்டியதுதான் அவர் செய்த குற்றம்.

மனைவிக்குப் போன் போட்டார்.

"நடந்ததை அப்படியே சொல்லிடுங்க. அந்த அதிகாரிக்கு என்ன, தலையில ரெண்டு கொம்பா முளைச்சிருக்கு?"

"இங்க மானுக்கே ஒண்ணுதான் இருக்கு. முதல்ல உன் தம்பியை அனுப்பு."

மச்சினனுக்குத் தச்சு வேலை. பசை டப்பாவோடு வந்தான், ஏணியில் ஏறினான், ஒட்டினான், இறங்கித் தள்ளி நின்று பார்த்தான்.

"மாமா, திருப்பி வச்சுட்டேனோ?"

"ஒண்ணு கிழக்க பாக்குது, ஒண்ணு மேற்க பாக்குது. கழட்டுடா!"

"இந்தப் பசை ஒட்டினா ஒட்டினதுதான்" என்று பெருமையடித்துக்கொண்டே மச்சினன் இரண்டு கையாலும் பிடித்து இழுத்தான். பசை சொன்ன சொல்லைக் காப்பாற்றியது. தலைதான் ஆணியிலிருந்து கழன்று, தொப்பென்று தரையில் விழுந்தது. இடது கொம்பு மூன்று துண்டானது. வலது கொம்பு உடைந்து பெஞ்சுக்கு அடியில் போய்ப் படுத்துக்கொண்டது.

காவலர் அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டார். பதினோரு வருடம் நின்ற கால் அவருடையது. பாவம், அழுகையே வந்துவிட்டது.

"அழாதீங்க மாமா. ஒரு கொம்பு இல்லேன்னாத்தான் கேள்வி வரும். ரெண்டுமே இல்லேன்னா அது பெண் மான்!"

காவலருக்குக் கொம்பு சீவிவிட்ட கையோடு, மானின் தலையில் மிச்சமிருந்த கட்டைகளையும் அவன் அறுத்துத் தள்ளினான். மரத்தூளைப் பசையில் குழைத்துப் பள்ளத்தை அடைத்தார்கள். மேலே பூட்ஸ் பாலிஷ் பூசினார்கள். பெயர்ப்பலகையில் 'ஆண் மான்' என்று இருந்ததைச் சுரண்டி, 'பெண் மான்' என்று காவலரே எழுதினார். அவசரத்தில் எழுத்து கொஞ்சம் கோணலாகிவிட்டது. துண்டுகளைப் பையில் போட்டுக்கொண்டு மச்சினன் பின்வாசல் வழியாக நழுவவும், முன்வாசலில் கார் வந்து நிற்கவும் சரியாக இருந்தது.

தலைமை அதிகாரி நேராக மான் தலையின் முன்னால் வந்து நின்றார். பலகையைப் படித்தார். முகம் மாறியது. கூட வந்தவர்களை அடுத்த அறைக்குப் போகச் சொன்னார்.

"இதுக்குக் கொம்பு இருந்துச்சே?"

"அது வந்துங்கய்யா... இது பெண் மான்..." என்று தொடங்கிய காவலருக்கு, அதற்கு மேல் பொய் சொல்ல வரவில்லை. "மன்னிச்சிடுங்கய்யா. தூசி தட்டும்போது நான்தான் உடைச்சேன். மாட்டிக்குவோம்னு பயந்து பலகையையும் மாத்தி எழுதிட்டேன். வேலை போனாலும் பரவாயில்லை."

கடைசி வாக்கியம் சுத்தப் பொய். வேலை போனால் அவருக்கு வாழவே தெரியாது.

அதிகாரி கோப்பைத் திறந்து கையெழுத்துப் போட்டு நீட்டினார். 'பணி நிரந்தரம்' என்று இருந்தது. காவலர் இரண்டு முறை படித்தார்.

"ஐயா... உங்களுக்குக் கோபமே வரலையா?"

அதிகாரி அடுத்த அறைப் பக்கம் ஒரு பார்வை பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினார்.

"மெதுவாப் பேசுய்யா, இது பெண் மான்தான், நான் இங்க தற்காலிகக் காவலரா இருந்தப்ப, ஆய்வுக்கு வந்தவர் 'கொம்பை எவன் உடைச்சான்'னு அதட்டினார், பயத்துல குடோன்ல கிடந்த ரெண்டு கொம்பைக் கொண்டுவந்து ஒட்டி, பலகையிலயும் 'ஆண் மான்'னு மாத்தி எழுதினேன், பசை காயறதுக்குள்ள என்னை நிரந்தரமாக்கிட்டாங்க!"