கறுப்புச் சோளமும் சோப்புப் போட்ட கல்லும்

வேலை போய்ப் பதினோராம் நாள், ஒரு வெள்ளிக்கிழமை, செல்வரத்தினம் பெரிய முடிவொன்று எடுத்தார். வேலை போனதைப் பெண்சாதிக்குத் தான் சொல்வதில்லை. சிவகௌரியே தன் வாயால், "அந்த வேலைக்கு இனிப் போகாதேங்கோ" என்று சொல்லவேண்டும். அதன்பிறகு பெண்சாதி சொல் கேட்கிற நல்ல மனிதனாக, மானத்தோடு வீட்டில் குந்தியிருக்கலாம்.

வேலை போனது ஒரு இரும்புக் கல்லால். டவுனில் ஒரு மெக்சிக்கன் ரெஸ்டோரன்டில் மூன்று வருடமாக அவருக்குச் சட்டி கழுவுகிற வேலை. ஊரில் அரசாங்கக் கச்சேரியில் கிளாக்கராக இருந்த மனுசன். அங்கே சோளமா ரொட்டி சுடுகிற வட்டக் கல்லொன்று கரிக்கறுப்பாய்க் கிடந்தது. பெரிய குக் மெக்சிக்கோவிலிருந்து மடியில் வைத்துக் கொண்டுவந்த கல். அதைக் கழுவக்கூடாதென்று செல்வரத்தினத்துக்குத் தெரியாது. தெரிவதற்கு அவர் வீட்டுக் குசினிக்குள் எப்போது போனார்? ஒரு மத்தியானம் வேலை குறைவு. சோப்பும் கம்பிப் பஞ்சும் போட்டு ஒரு மணித்தியாலம் தேய்த்தார். கல் வெள்ளித் தாம்பாளம் மாதிரி மின்னியது. குக் அதைப் பார்த்துவிட்டு நிலத்தில் குந்தி அழுதான். பிறகு எழும்பிக் கதவைக் காட்டினான்.

போகிற கோபத்தில் செல்வரத்தினம் ஒரு டின்னைத் தூக்கிக் கோட்டுப் பைக்குள் போட்டுக்கொண்டார். களவுதான். வேறென்ன சொல்வது.

அதன்பிறகு தினமும் வேலைக்குப் போனார். அதாவது, அப்டன் பார்க்கில் ரயில் ஏறி, கடைசி ஸ்டேஷனான ரிச்மண்டில் இறங்கினார். தெரிந்த தமிழர் ஒருவரும் அங்கே இல்லை. நூலகத்தில் சூடு இருந்தது, ஆனால் சாப்பிட விடமாட்டார்கள். மாடு சமைக்கிற இடமென்று சிவகௌரி எப்போதும் வீட்டிலிருந்தே பெட்டி கட்டிக் கொடுப்பாள். அதைப் பூங்கா பெஞ்சில், நவம்பர் மழையில், குடைக்குக் கீழே வைத்துச் சாப்பிட்டார். புட்டும் நனைந்தது, அவரும் நனைந்தார். இரண்டாம் நாள் பெட்டியை வீட்டில் மறந்துவிட்டுப் போய்ப் பட்டினி. மூன்றாம் நாளிலிருந்து பெட்டியோடு தேத்தண்ணி பிளாஸ்க் ஒன்றும் வந்தது. ஏனென்று அவர் கேட்கவில்லை. குளிருக்கு நன்றாக இருந்தது.

இனி இந்தப் பொய்யை இழுக்க ஏலாது. இருமல் வேறு பிடித்துவிட்டது. அன்று பின்னேரம் டின்னை மேசையில் வைத்தார்.

"இஞ்சாரும், இண்டைக்கு நான் சமைக்கிறன்."

"நீங்களோ? காய்ச்சல் ஏதுமோ?"

"எங்கட ரெஸ்டோரன்ட் சாப்பாடு. கேசடியா. நான் எப்பிடிப்பட்ட இடத்தில நிக்கிறன் எண்டு நீர் ஒருக்கா அறியவேணும்."

"ஓம், அறியத்தானே வேணும்" என்றாள் சிவகௌரி. கதிரையை இழுத்துப்போட்டு இருந்தாள்.

தோசைக்கல்லை எடுத்தார். பழக்க தோஷம், கை சோப்புப் போத்தல் பக்கம் போனது.

"விடுங்கோ அதை!"

பக்கத்து வீட்டு நாய் குரைத்தது. அவ்வளவு சத்தம்.

"சோப்பு வேண்டாம்" என்று பிறகு மெல்லமாகச் சொன்னாள்.

டின்னை வெட்டினார். உள்ளே மைப்போத்தலுக்குள் ஒரு வருடம் ஊறப்போட்ட மாதிரிக் கறுத்த கட்டிகள்.

"என்னப்பா இது?"

"சோளம். வருத்தம் வந்த சோளம். பூஞ்சணம் பிடிச்சு, வீங்கி, வெடிச்சுக் கறுத்தது. இதைத்தான் அங்க நாள் முழுக்கக் கிண்டுறாங்கள். அந்தச் சட்டியைத்தான் உம்மட புருசன் கழுவுறார்."

"மச்சம் மாமிசம் ஏதும் சேர்ந்ததோ?"

"இல்லை. ஆனா பூஞ்சணம், கௌரி! பூஞ்சணம்!"

"காளானும் அந்தச் சாதிதானே. வெங்காயம் வெட்டித் தரட்டோ?"

செல்வரத்தினம் விடவில்லை. வெங்காயம், பச்சைமிளகாய், அந்தக் கறுப்பு, எல்லாவற்றையும் வதக்கினார். சோளமா ரொட்டி தட்டத் தட்ட உடைந்தது. கடைசியில் கோதுமை மா ரொட்டியில் சீஸைத் துருவிப் போட்டு, கறுப்பை வைத்து மடித்துச் சுட்டார். ஓரத்தால் தார் வடிந்தது. பார்க்கவே சகிக்கவில்லை. அவருக்குச் சந்தோஷம்.

ஒன்றை மட்டும் மறந்துவிட்டார். வெள்ளிக்கிழமை சிவகௌரிக்கு விரதம். காலையிலிருந்து தண்ணீர் மட்டும்.

ஒன்று சாப்பிட்டாள். இரண்டாவதை எடுத்தாள். மூன்றாவதற்கும் கை நீண்டது.

"மழை பெய்த மண் வாசம். நல்லாயிருக்கு. கொஞ்சம் தேசிக்காய்ப் புளி விட்டிருக்கலாம்."

"உமக்கு அருவருக்கேல்லையோ?"

"பசிக்குது."

செல்வரத்தினத்துக்கு அழுகை வரப் பார்த்தது. "இந்தக் கண்டறியாத இடத்தில நான் வேலை செய்யிறது உமக்கு வெக்கமா இல்லையோ? ஒரு சொல்லுச் சொல்லும். நாளைக்கே விட்டிடுறன்!"

சிவகௌரி விரலை வழித்து நக்கினாள்.

"விடுறதுக்கு என்ன மிச்சம் இருக்கு? ரொட்டிக் கல்லைச் சோப்புப் போட்டுத் தேய்ச்ச மனுசனை ஆர் வைச்சிருப்பாங்கள்?"

யன்னலில் மழை அடித்தது. அவர் கையிலிருந்த கேசடியாவிலிருந்து ஒரு கறுத்த துளி அவர் இடுப்பில் கட்டியிருந்த சாரத்தில் விழுந்தது.

"ஆர்... ஆர் சொன்னது?"

"நீங்கள் பெட்டியை விட்டிட்டுப் போன அண்டைக்கு நான் அதைக் கொண்டுபோனன். அந்தக் குக் கல்லைத் தூக்கிக் காட்டினான். ஒரு டின்னையும் காணேல்லையாம்."

"அப்ப ஏன் என்னட்டைக் கேக்கேல்லை?"

"நீங்களாச் சொல்லுவீங்கள் எண்டு பாத்தன். ஒன்பது நாள்."

அவர் கேசடியாவை மேசையில் திரும்ப வைத்தார்.

"கல்லைப் பாக்க எனக்கே விசர் வந்தது" என்றாள் சிவகௌரி. "வெங்காயத்தைப் பாதியா வெட்டி, எண்ணெய் தொட்டுத் தேய்ச்சுத் தேய்ச்சுப் பழக்கிக் குடுத்தன். முதல் ரொட்டி ஒட்டாமல் எழும்பினதும் அவன் என்னைக் கையெடுத்துக் கும்பிட்டான். மாட்டிறைச்சிப் பக்கம் வரமாட்டன், கல்லு மட்டும்தான் பாப்பன் எண்டு சொல்லிப்போட்டன். திங்கக்கிழமை அங்க வேலை தொடங்கிறன்."

செல்வரத்தினம் வாயைத் திறந்தார். இருமல்தான் வந்தது.

சிவகௌரி கடைசிக் கேசடியாவையும் தன் சாப்பாட்டுக் கோப்பைக்குள் போட்டாள்.

"காலமை ஏழு மணிக்கு எனக்குப் பெட்டி கட்டி வையுங்கோ. பிளாஸ்க் வேண்டாம். நான் உள்ளுக்குத்தானே நிக்கப்போறன்."