எண்பூட்டுப் படலம்

வாழ்க கணித வாத்தியார்! சுண்ணக்கட்டியே வேலாக, கரும்பலகையே களமாகப் பதினெட்டு ஆண்டுகள் பதினோராம் வகுப்புப் பெரும்படைகளை நடத்திய எண்ணேருழவர். ‘வரிசை மாறினால் விடை மாறுமா? மாறினால் வரிசைமாற்றம், மாறாவிட்டால் சேர்வு’ என்னும் ஒற்றை மந்திரத்தால் ஆயிரம் மண்டைகளைத் துளைத்த வித்தகர். அன்னார் புகழ்பாடப் புகுந்தோம். இரும்பலமாரி காக்கும் எண்பூட்டே, எங்கள் நாவையாவது திறந்து வை!

அந்த அலமாரியின் இருள்வயிற்றில் அன்றைய தேர்வுத்தாள்கள் சிறையிருந்தன. பத்து மணிக்குத் தேர்வு. பத்தேகாலுக்குள் தாள் வராவிடில் தேர்வு சனிக்கிழமைக்குப் போகும் என்று தலைமையாசிரியை திருவாய் மலர்ந்திருந்தார். சனிக்கிழமையோ, ஆறு ஆண்டுகளாகத் தள்ளிப்போன கடற்கரைப் பயணத்தின் திருநாள். “இந்தத் தடவையும் சாக்கு சொன்னீங்கன்னா நான் மட்டும் போயிடுவேன்” என்று மனைவி காலையில்தான் பிரகடனம் செய்திருந்தாள். செய்யக்கூடியவள்தான்.

பத்தடிக்க ஐந்து நிமிடம் இருக்கையில், வீரர் சட்டைப்பையிலிருந்து சீட்டை உருவினார். ஒன்று, நான்கு, ஆறு, ஒன்பது. நேற்று மாலை புதுப்பூட்டு மாட்டியபோது, சீட்டு மாணவப் பகைவர் கையில் சிக்கினாலும் பயன்படலாகாதென்று, எண்களைச் சிறியதிலிருந்து பெரியதாக அடுக்கி எழுதியவர் அவரே. மெய்வரிசையை மனக்கோட்டையில் வைத்தார். ஓர் இரவுத் தூக்கத்தில் அது பறந்தேபோயிற்று. ஊருக்கெல்லாம் வரிசைமாற்றத்தைப் போதித்த வள்ளல், தமக்கென்று சேர்வை எழுதிவைத்துக்கொண்டார்.

“இருபத்துநாலே இருபத்துநாலு வழிதான்!” என்று முழங்கிப் பூட்டின்மேல் பாய்ந்தார். கண் சிவந்தது, மீசை துடித்தது, சக்கரங்கள் தோன்றியபடியெல்லாம் சுழன்றன. எண்ணி இருபத்துநான்கு முறை இழுத்தார். பூட்டோ கல்லுளிமங்கனாகத் தொங்கியது. மணி பத்தைத் தாண்டிவிட்டது. வியர்வை சீட்டில் சொட்டி ஆறைக் கரைத்தது. கடல் அவரைவிட்டு விலகிப் போய்க்கொண்டிருந்தது.

அப்போது, மணியடித்துவிட்டு வந்து கதவோரம் நின்ற அலுவலக அக்கா, வராந்தாவிலிருந்தே பதினெட்டு ஆண்டு அவர் பாடத்தைக் கேட்டுத் தேர்ந்த அக்கா, வாய் திறந்தார்.

“சார், போட்டதையே திருப்பித் திருப்பிப் போடுறீங்க. ஒண்ணுல ஆரம்பிக்கிறது ஆறு, நாலுல ஆரம்பிக்கிறது ஆறுன்னு நீங்கதானே சொல்லுவீங்க? எழுதி அடிச்சுக்கிட்டே வாங்க.”

நாணத்தால் தலைகவிழ்ந்த வீரர் கரும்பலகையில் அணிவகுப்பு நடத்தினார். ஒன்றின் படை ஆறும் மடிந்தது. நான்கின் படை மடிந்தது. ஆறின் படையும் மண்ணைக் கவ்வியது. ஒன்பதின் படையில் ஐவர் வீழ்ந்தபின், பத்து மணி பதினான்காம் நிமிடத்தில், கடைசி வீரனாய்ப் புறப்பட்டது ஒன்பது, ஆறு, நான்கு, ஒன்று. ‘க்ளக்!’ திசையெட்டும் அதிர்ந்தன, அலமாரி வாய் பிளந்தது, தாள்கள் விடுதலையாயின. சீட்டைப் பின்னாலிருந்து வாசித்திருந்தாலே போதும் என்பதை அக்கா பார்த்தார், சொல்லவில்லை. அந்தக் கருணைக்கு ஒரு கோயிலே கட்டலாம்.

வெற்றித்திருமகன் மாலையில் வீடேகி, விழுப்புண் ஒன்றையும் மறைக்காமல், போர்க்காதை முழுவதையும் மனைவியின் திருமுன் விரித்துரைத்தார்.

மறுநாள் அவள் பயணப்பெட்டிக்குச் சாவி போட்டுப் பூட்டுகிற பூட்டாகப் பார்த்து வாங்கிவந்தாள்.