போர்ட் மூன்று, ஹப் ஐந்து

“எட்மண்ட் அண்ணா, பிரிண்டர் செத்துப் போச்சு!” போனில் அலறினாள் ஏஞ்சல்.

இரும்புலியூரில் மனை விற்கும் அந்த ஆபீஸில் அவள் சேர்ந்து பத்து நாள்தான். பத்து மாதம் அலைந்து கிடைத்த முதல் வேலை. ஒரு மாதம் பார்த்துவிட்டுத்தான் நிரந்தரம் என்று முதலாளி குப்புராஜ் சொல்லியிருந்தார்.

கம்ப்யூட்டர் மெக்கானிக் எட்மண்ட் பதறவில்லை. “யூஎஸ்பி ஒயரைப் பிடுங்கி மறுபடி சொருவும்மா. இப்ப ஸ்கிரீன்ல எந்த இடம்னு காட்டுது?”

“போர்ட் மூணு, ஹப் அஞ்சு!” ஆபீஸ் முழுக்கக் கேட்கும்படி படித்தாள்.

“அதான் அதோட விலாசம். போர்ட்னா ஒயர் சொருவுற ஓட்டை, ஹப்னா அந்த ஓட்டைங்க இருக்கற பொட்டி. ஓட்டை மாறிச்சுன்னா கம்ப்யூட்டர் அதை வேற பிரிண்டர்னு நெனச்சிக்கும். அசைக்காதே.”

பிரிண்ட் வந்தது. மறுநாள் வரவில்லை. குனிந்து பார்த்தால், ஒயர் நான்காம் ஓட்டையில்! மூன்றுக்கு மாற்றினாள். அதுவரை தட்டிய பிரிண்டெல்லாம் சேர்ந்து, ஒரே ஒப்பந்தம் பதினோரு காப்பியாகக் கொட்டியது.

“இன்னாம்மா, பேப்பர் கடையா வெச்சிகினு கீறேன்?” என்றார் குப்புராஜ்.

“யாரோ ஓட்டையை மாத்திட்டாங்க சார்.”

“ஒரு ஓட்டை தள்ளிச் சொருவினா இன்னா? வர்றது அதே கரண்ட்டுதானே?”

இந்த மனுஷருக்கு எதைச் சொல்லிப் புரியவைப்பது! ‘பிரிண்டர்: போர்ட் 3, ஹப் 5’ என்று ஸ்கெட்ச் பேனாவால் கொட்டை எழுத்தில் எழுதி ஒட்டினாள். மறுநாளும் ஒயர் நான்கில். செல்லோடேப்பால் நாலு சுற்றுச் சுற்றினாள். அடுத்த நாள் டேப்பு கிழிந்து, கூடவே மவுஸும் கழன்று தொங்கியது. அவள் எல்லாவற்றையும் சரிசெய்வதற்குள், படப்பையிலிருந்து மனை வாங்க வந்தவர் எழுந்து போய்விட்டார்.

“நாளைக்கும் இதே கதைன்னா வேற ஆளு பாத்துக்கறேன்மா” என்றார் முதலாளி.

மறுநாள் காலை கர்த்தரை வேண்டிக்கொண்டே வந்து குனிந்து பார்த்தாள். நான்கு! அழுகை பொத்துக்கொண்டு வந்தது. வேலை போச்சு, அம்மா முகத்தில் எப்படி விழிப்பது?

ஆபீஸைக் கூட்டிக்கொண்டிருந்த தனக்கோடி துடைப்பத்தைப் போட்டுவிட்டு ஓடிவந்தாள்.

“அட, நீ ஏம்மா அழுவுற? தெனம் காலைல பூஜை முடிஞ்சதும் ஓனருதான் அதை மாத்திச் சொருவிகினு கீறாரு. மூணும் அஞ்சும் கூட்டினா எட்டாமே, எட்டு அவுரு ராசிக்கு ஆவாதாம்!”