இரண்டாவது மாடிக்கும் மூன்றாவது மாடிக்கும் நடுவே

எங்கள் அலுவலகத்தில் தற்காலிக ஊழியர்களை நிரந்தரமாக்கும் கோப்புகள் என் மேசைக்குத்தான் வரும். வருமே தவிர, லேசில் போகாது. ஆட்சேபணை எழுதுவதில் என்னை அடித்துக்கொள்ள ஆளில்லை என்று மேனேஜரே சொல்லியிருக்கிறார். எனக்குத் தலைகால் புரியவில்லை.

நான் காதலித்தது லிஃப்ட் ஓட்டுகிறவரை. தரைத்தளத்திலிருந்து நான்காவது மாடி வரை தினம் இரண்டு வேளை காதலித்தோம். லிஃப்ட் அடிக்கடி இரண்டுக்கும் மூன்றுக்கும் நடுவே நின்றுவிடும். இயந்திரக் கோளாறு என்பார். நானும் நம்பியதாகக் காட்டிக்கொள்வேன்.

"ஆளு தங்கம்தான். ஆனா வேலை தற்காலிகமாச்சேம்மா. நிரந்தரமாகட்டும், பேசலாம்," என்றார் அப்பா.

எனக்கும் நியாயமாகத்தான் பட்டது. காதல் எங்கே ஓடிவிடப் போகிறது?

ஒருநாள் அவருடைய கோப்பும் வந்தது. வேண்டியவருக்குச் சலுகை காட்டினாள் என்று யாரும் பல்லின்மேல் நாக்கைப் போட்டுப் பேசிவிடக் கூடாதல்லவா? ஆகவே உரிய பரிசீலனைக்குப் பின் எழுதினேன்: 'மேற்படி ஊழியரின் பணிக்காலத்தில் லிஃப்ட் முப்பத்தேழு முறை நடுவழியில் நின்றுள்ளது. மொத்தம் ஐந்து மணி பன்னிரண்டு நிமிடம். இது பணித் தொய்வு ஆகாதா என விளக்கம் கோரலாம்.'

"அந்த முப்பத்தேழு தடவையும் உள்ள நீதானே இருந்த?" என்றார் அவர்.

"அதனாலதாங்க நிமிஷம்கூடத் தப்பாம எழுத முடிஞ்சுது."

அவர் விளக்கம் கொடுத்தார். அந்த விளக்கத்துக்கு நான் விளக்கம் கேட்டேன். இப்படியே மூன்று வருடம். அந்தக் காலம் முழுவதும் லிஃப்ட் ஒருமுறைகூட நடுவில் நிற்கவில்லை. மனசு வலித்தது. ஆனாலும் 'முன்னேற்றம் திருப்திகரம்' என்று குறித்துவைத்தேன்.

ஒருவழியாக ஆணை வந்தது. நானே எடுத்துக்கொண்டு ஓடினேன். "இனிமே அப்பாகிட்ட பேசலாம்ங்க."

அவர் நான்காம் எண்ணை அழுத்திவிட்டுப் பேச்சை இழுத்தார். "எங்க வீட்ல, பொண்ணுக்கும் நிரந்தர வேலை இருக்கணும்ங்கறாங்க. யோசிச்சுப் பாத்தா நியாயமாத்தான் படுது."

"எனக்கென்ன குறை? ஒன்பது வருஷமா..." ஒன்பது வருடமாக நானும் தற்காலிகம்தான். ஊரார் கோப்புகளையெல்லாம் நிறுத்திவைத்த மும்முரத்தில் அது மறந்தே போயிருந்தது.

லிஃப்ட் நிற்காமல் நான்காவது மாடிக்குப் போனது.

என் கோப்பைத் தேடினேன். ஆடுகிற மேசைக்காலுக்கு முட்டுக் கொடுத்திருந்தேன். தூசி தட்டினால், கடைசிப் பக்கத்தில் ஒரு குறிப்பு: 'மேற்படி முப்பத்தேழு முறையும் லிஃப்டுக்குள் இருந்த இந்த ஊழியருக்கும் பணித் தொய்வு பொருந்துமா என விளக்கம் கோரலாம்.'

கேட்டிருந்தது நான்தான். விளக்கம் கொடுக்க வேண்டியதும் நான்தான். மூன்று வருடமாகக் கொடுக்கவில்லை.