அரணையார் காப்பாற்றிய உயிர்கள்

இருசக்கர வண்டி பழுதுபார்க்கும் கடைக்குப் பின்னால் ஒரு தகரக் கொட்டகை. வாசலில் பலகை: ‘அரணைக்கடி வைத்தியம். இதுவரை ஒரு மரணம்கூட இல்லை.’ பெரிய பெரிய ஆஸ்பத்திரிகளே எழுதத் துணியாத வாசகம்! வரிசை தெருமுனை வரை நின்றது. டோக்கன் கொடுக்க வைத்தியரின் மச்சான், செருப்புக்குக் காவல் சித்தப்பா. குடும்பமே சேவையில் இறங்கியிருந்தது.

அரணையைத் தெரியுமல்லவா? பல்லியிலும் சேர்த்தியில்லாமல், பாம்பாகவும் தேறாமல், எண்ணெய் தடவியதுபோல் மினுங்கிக்கொண்டு மரத்திலும் வேலியிலும் சுவரிலும் ஏறித் திரியும் சின்னப் பிராணி. ஒரு கரப்பான்பூச்சி கிடைத்தால் அதற்குக் கல்யாண விருந்து. அது கடித்தால் ஆள் காலி என்றது ஊர். யார் சொன்னது? எல்லாரும். எல்லாருக்கும் யார் சொன்னது? எல்லாரும்தான்.

கடிபட்டவர்கள் அலறியடித்து ஓடிவந்தார்கள். ‘அரணையார்’ என்று பக்தியோடு அழைக்கப்பட்ட வைத்தியர் ஒரு பச்சைத் தண்ணீரைக் குடிக்கக் கொடுத்து, மணிக்கட்டில் கயிறு கட்டினார். அத்தனை பேரும் பிழைத்தார்கள். பிழைக்காமல்?

அன்று பெஞ்சில் சாய்ந்திருந்தவர் ஒரு பேருந்து ஓட்டுநர். முந்தாநாள் கேட்டைத் திறக்கும்போது அரணை விரலைக் கவ்விவிட்டது. அக்காதான் இழுத்து வந்து சேர்த்தாள். அரணையாரின் உத்தரவு: கயிறு அவிழும்வரை வேறு மருந்தே ஆகாது. ஓட்டுநரோ தினமும் சர்க்கரைக்கு ஊசி போட்டுக்கொள்கிறவர். இப்போது நாக்கு வறண்டு, குடம் குடமாகத் தண்ணீர் குடித்து, கண் செருகிக் கிடந்தார்.

“பாத்தியா, விஷம் இறங்குது,” என்றாள் அக்கா.

“இறங்கலை அண்ணி, சர்க்கரை ஏறுது,” என்றாள் ஓட்டுநரின் மனைவி. தையல்காரி. ஒரு கையில் ஊசி மருந்துப் பெட்டி, மறு கையில் துணி கட்டிய ஊறுகாய் பாட்டில்.

“அந்த ஊசியை எடுத்தா உன் புருஷன் உயிருக்கு நான் பொறுப்பில்லை!” அரணையார் விரலை ஆட்டினார்.

“உயிருக்குப் பயந்தவர் மாதிரி தெரியலையே ஐயா. உங்க தலைக்கு மேல சுவத்துல ரெண்டு அரணை ஓடுது. நீங்க அசையக்கூட இல்லையே?”

கூட்டம் அண்ணாந்து பார்த்தது. பார்த்ததும் பின்வாங்கியது. அதற்குள் அவள் பாட்டிலைத் திறந்து, உள்ளே அடைத்து வைத்திருந்த அரணையைப் பிடித்து, அதன் வாயில் சுண்டுவிரலை வைத்தாள். கவ்வியது.

“ஐயோ, கடிச்சிடுச்சு!” அக்கா நெஞ்சில் அடித்துக்கொண்டாள். “சீக்கிரம் மருந்தைக் குடுங்க சாமி!”

“வேண்டாம். மருந்து இல்லாட்டி எவ்வளவு நேரம் தாங்கும்?”

“அரை மணியில நாக்கு நீலமாயிடும்,” என்றார் அரணையார்.

“சரி, உக்காந்திருக்கேன்.”

உட்கார்ந்தாள். கூட்டம் இவ்வளவு அக்கறையாக அவளை என்றைக்கும் பார்த்ததில்லை. தைக்கக் கொடுத்திருந்த ஒரு பெண் மெதுவாக அருகில் வந்து, “என் ரவிக்கையை வெட்டிட்டியா, இல்ல துணி அப்படியே இருக்கா?” என்று விசாரித்தாள். நாளைக்குக் கேட்க முடியாதே!

அரை மணி போனது. அவள் நாக்கை நீட்டினாள். சிவப்பு.

“தினம் என் விரல்ல குத்துற ஊசி இதைவிட ஆழமாப் போகுது,” என்று எழுந்தாள். “இவர்கிட்ட வராம அரணை கடிச்சுச் செத்தவங்க யாராவது ஒருத்தர் பேரைச் சொல்லுங்க பாப்போம்.”

பின்வரிசையிலிருந்து வெள்ளையடிக்கிறவர் மட்டும் தயங்கி, “என்னையும் போன வருஷம் கடிச்சுது. வேலை மும்முரத்துல சாக மறந்துட்டேன்,” என்றார்.

கூட்டம் கொல்லென்று சிரித்தது. அரணையார் விடுவாரா? சட்டென்று கைகளை உயர்த்தினார். “முட்டாள்களே! அவ உக்காந்திருந்தது என் எதிர்ல. என் பார்வை பட்டுத்தான் விஷம் முறிஞ்சுது!”

சிலர் கன்னத்தில் போட்டுக்கொள்ளக் கையைத் தூக்கியும்விட்டார்கள்.

“அப்படியா?” என்றாள் தையல்காரி. “என் வீட்டுக்காரரும் முந்தாநாள்லேர்ந்து உங்க எதிர்லதான் கிடக்கார். பார்வையே போதும்னா பச்சைத் தண்ணி எதுக்கு? கயிறு எதுக்கு? அவர் ஊசியை ஏன் நிறுத்தினீங்க?”

அரணையார் மச்சானைப் பார்த்தார். மச்சான் டோக்கன் கட்டைப் பார்த்தார். சித்தப்பா ஓடத் தோதாகத் தன் செருப்பைப் பார்த்தார்.

பெஞ்சிலிருந்து வறண்ட குரல் வந்தது. “ஊசியைப் போடும்மா.”

முதலில் கயிற்றை அறுத்தது அக்காதான். அதுவும் பல்லால். ஊசி ஏறியது, ஓட்டுநரை ஆட்டோவில் ஏற்றி ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனார்கள். இன்னும் ஒருநாள் தாமதித்திருந்தால் கஷ்டம் என்று அங்கே திட்டு விழுந்தது. அப்போதுதான் ஊருக்கு உறைத்தது: பலகையில் எழுதியிருந்த அந்த ‘ஒரு மரணம்’ நடக்க இருந்தது, அரணையால் அல்ல, அரணையாரால்.

மறுநாள் கொட்டகையில் பலகை இல்லை. அரணைகள் மட்டும் பழையபடி சுவரில் ஏறி இறங்கிக்கொண்டிருந்தன. அரணையார் பக்கத்து ஊரில் பூரான்கடிக்குப் பலகை மாட்டியிருப்பதாகக் கேள்வி. அங்கேயும் ஒரு மரணம்கூட இல்லையாம். வரிசையில் நிற்கப் போகிறீர்களா? போங்கள். கழற்றி வைக்கும்போது செருப்பை மட்டும் வையுங்கள். தலையைக் கையோடு கொண்டுபோங்கள்.