காரணம் எழுத ஒரு கோடு

உலகத்தில் காரணம் சொல்லாதவர்கள் என்றோர் இனம் உண்டு. "முடியாது" என்பதை மணிமணியாகச் சொல்வார்கள். ஏன் என்று கேட்டால் மட்டும் காது மந்தமாகிவிடும். அந்த இனத்தின் நல்ல மாதிரி ஒன்று, சாதிச் சான்றிதழ் மேல்முறையீட்டுப் பிரிவில், மின்விசிறிக்கு நேர் கீழே உட்கார்ந்திருக்கிறது. ஆணைகளை எழுதி அதிகாரியின் கையெழுத்துக்கு வைக்கும் பெண் எழுத்தர். கூட வேலை செய்பவர்கள் வைத்த பெயர் 'கவனமாக'.

ஏன் அந்தப் பெயர்? "ஆவணங்கள் யாவும் கவனமாகப் பரிசீலிக்கப்பட்டன. கோரிக்கை நிராகரிக்கப்படுகிறது." ஆறு வருஷமாக இவள் எழுதுவது இந்த இரண்டு வரிதான். பெயரையும் தேதியையும் மாற்றுவாள். மேசையின் வலப்பக்கம் ஏறும் கோப்புகள் சாயங்காலத்துக்குள் இடப்பக்கம் இறங்கிவிடும். நடுவில் எந்தக் கோப்பின் நாடாவும் அவிழாது.

வீட்டிலோ வேறு ஆள். கணவர் பத்து நிமிஷம் பிந்தி வந்தால் காரணம் வேண்டும். மகளுக்கு ஒரு மதிப்பெண் குறைந்தால் அதை எழுதியே தர வேண்டும்.

ஒருநாள் மேலிடத்திலிருந்து சுற்றறிக்கை வந்தது: மறுத்தால் காரணம் எழுத வேண்டும். இவள் உடனே கீழ்ப்படிந்தாள். இரண்டு வரிக்குக் கீழே 'காரணம்:' என்று போட்டு, பக்கத்தில் அழகாக ஒரு புள்ளிக்கோடு இழுத்தாள். அதை நிரப்பச் சொல்லிச் சுற்றறிக்கையில் தனியாக ஒன்றும் இல்லையே!

மறுவாரம் ஒரு பெண் அப்படிப்பட்ட ஓர் ஆணையோடு வந்து நின்றாள். கல்லூரியில் இடம் கிடைத்திருக்கிறது. மறுநாளைக்குள் சான்றிதழ் கொடுக்காவிட்டால் அந்த இடம் அடுத்தவருக்குப் போய்விடும். அவள் சண்டை போடவில்லை. புள்ளிக்கோட்டைத் தொட்டுக் காட்டினாள்.

"மேடம், இங்க எழுத மறந்துட்டீங்க போல. எழுதிக் குடுத்தீங்கன்னா போயிடுவேன்."

நாலு விரற்கடைக் கோடு. அதை நிரப்ப எவ்வளவு நேரமாகும்? இவள் முதல்முறையாகக் கோப்பைப் பிரித்தாள். அந்தப் பெண்ணுடைய அப்பாவின் சான்றிதழ் இருந்தது, இதே அலுவலகம் கொடுத்தது. அண்ணனுடையதும் இருந்தது, இதே அதிகாரியின் கையெழுத்தோடு. நேரில் விசாரித்தவரின் அறிக்கை 'வழங்கலாம்' என்றது. காரணத்தைத் தேடித் தேடி இவளுக்கு வியர்த்ததுதான் மிச்சம். கோப்பைத் தூக்கிக்கொண்டு அதிகாரியிடம் ஓடினாள்.

"போதிய ஆதாரம் இல்லன்னு போடுங்க."

"பதினேழு பக்கம் இருக்கு, சார்."

"காலம் கடந்துடுச்சுன்னு போடுங்க."

"கெடுவுக்கு எட்டு நாள் முன்னாடியே குடுத்திருக்கா, சார்."

அதிகாரி கண்ணாடியைக் கழற்றினார். "அப்புறம் எப்படித்தான் மறுத்தோம்?"

"கவனமாத்தான், சார்..." என்று ஆரம்பித்தவளுக்குத் தன் பட்டப்பெயரின் அர்த்தம் அப்போதுதான் உறைத்தது.

அன்று மாலைக்குள் பழைய ஆணை ரத்தாகி, சான்றிதழ் கைக்கு வந்தது. அந்தப் பெண் அதை இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டு மெதுவாகக் கேட்டாள், "முதல்ல ஏன் மேடம் மறுத்தீங்க?"

இவள் பதில் சொல்லத்தான் வாயைத் திறந்தாள். ஆறு வருஷத்துப் பழக்கம் முந்திக்கொண்டது. "அடுத்த ஆள் வாங்க."

என்ன, சிரிக்கிறீர்களா? நேற்று வீட்டில் ஒருவர் "ஏன்?" என்று கேட்டதற்கு, "வேண்டாம்னா வேண்டாம்" என்றது யார்? நீங்கள் அந்த இனமே இல்லை என்கிறீர்களா? நல்லது. சும்மா சொன்னால் போதாது, எழுதிக் கொடுங்கள்.

காரணம்: ...............................